குடிக்காமல் ஆடிய ஞாயிற்றுக்கிழமை

தகப்பனின் அறுபதாவது பிறந்தநாளுக்கு எங்கள் மகள் இரண்டு டிக்கெட் வாங்கிக்கொண்டு வந்தாள். அவருடைய இளவயதில் இங்கிலாந்தையே ஆட வைத்த இசைக்குழு ஒன்று, மிஞ்சியிருக்கும் ஆட்களோடு ஆஸ்திரேலியாவுக்கு வருகிறதாம். சிட்னி நிகழ்ச்சியில் இடமில்லை. மெல்பேர்னில்தான் கிடைத்தது, ஞாயிறு பின்னேரம், ஒரு பூங்காவில். அவர் டிக்கெட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். நான் குசினிக்குள் போய், பின்னால் வந்த மகளிடம் மெதுவாகக் கேட்டேன்.

"உனக்கு வேற ஒண்டும் கிடைக்கேல்லையா?"

"அம்மா, இட்ஸ் ஜஸ்ட் மியூசிக்," என்றாள்.

எனக்கு அது வெறும் மியூசிக் இல்லை.

என் கணவர் மன்னாரிலிருந்து அகதியாக இங்கிலாந்துக்குப் போனவர். வடக்கில், மழை ஓயாத ஒரு தொழில் நகரத்தில், பிஸ்கட் தொழிற்சாலையில் வேலை. அந்த நகரத்துப் பையன்கள் ஏழு பேர் சேர்ந்ததுதான் இந்தக் குழு. ஒருவன் கூரை வேய்கிறவன், ஒருவன் இறைச்சிக்கடையில் நின்றவன், மற்றவர்களுக்கு வேலையே இல்லை. ஒருவனுக்கும் ஒழுங்காக வாசிக்கத் தெரியாது என்று அவரே சொல்வார். ஆனால் கிற்றார் பிடித்தவர்கள் எல்லாம் முகத்தைத் தொங்கப்போட்டுக்கொண்டு பாடிய காலம் அது. இவர்கள் நடன விடுதியில் அடிக்கும் தாளத்தைத் தூக்கிவந்து கிற்றாருக்கு அடியில் வைத்தார்கள். "எங்கட பைலா ஆட்டம் மாதிரித்தான். தலைக்கு விளங்க முதல் காலுக்கு விளங்கீடும்," என்பார்.

ஒரு மதுக்கடையின் மாடியில், விரல்விட்டு எண்ணக்கூடிய ஆட்களுக்கு முன்னால் அவர்கள் வாசித்ததை அவர் பார்த்திருக்கிறார். கொஞ்ச நாளில் அவர்கள் தொலைக்காட்சியில் வந்தார்கள். பிறகு பெரிய விளையாட்டரங்குகளில். பையன்கள் எல்லாம் அவர்களைப் பார்த்துத் தொளதொள காற்சட்டை தைத்துப் போட்டார்கள். எங்கள் அல்பத்தில் அவரும் அப்படி ஒன்றைப் போட்டுக்கொண்டு, பனியில் நடுங்கியபடி சிரிக்கிறார். புகழ் வந்த வேகத்திலேயே குடியும் போதைக் குளிசையும் தூளும் வந்தன. எந்த ஊரில் நிற்கிறோம் என்று தெரியாமல் பாட்டுக்காரன் மேடையேறிய கதைகளைப் பத்திரிகைகள் முதலில் ரசித்து எழுதின, பிறகு இளக்காரமாக எழுதின. கடைசியில் சனங்கள் பார்த்துக்கொண்டிருக்க மேடையிலேயே இரண்டு பேர் தங்களுக்குள் அடிபட்டு, குழு உடைந்தது.

அது உடைந்து கொஞ்ச நாளில்தான் அவர் சிட்னிக்கு வந்து என்னைக் கலியாணம் செய்தார். அந்தக் குழுவும் அவருடைய கசெட்டுகளில் எங்களோடு குடிவந்தது.

மெரிலேண்ட்ஸில் எங்கள் யூனிட்டில் சனிக்கிழமை மத்தியானம் அந்தத் தாளம் கேட்டால், போத்தல் திறந்துவிட்டது என்று அர்த்தம். அவர் கை நீட்டும் ஆள் இல்லை. சிரிப்பார், ஆடுவார், என்னையும் இழுப்பார், பிறகு அழுவார், பிறகு கதிரையிலேயே நித்திரையாகிவிடுவார். கலியாண வீடுகளில் அவர் ஆடாமல் ஒருவரும் ஆடத் தொடங்க மாட்டார்கள். எல்லோரும் கைதட்டுவார்கள். நான் மட்டும் எத்தனையாவது கிளாஸ் என்று பார்த்துக்கொண்டிருப்பேன்.

மகள் தேவாலயத்தில் முதன்முதலாக நற்கருணை வாங்கிய முதல் நன்மை நாளன்று வென்ட்வேர்த்வில்லில் கேக் எடுக்கப் போனவர் பூசை முடிந்த பிறகும் வரவில்லை. கோயிலின் கார் பார்க்கில், கண்ணாடியெல்லாம் ஏற்றிவிட்டு, அதே பாட்டைச் சத்தமாகப் போட்டுக்கொண்டு நித்திரையாகக் கிடந்தார். கேக் பின் சீற்றில் வெயிலில் உருகியிருந்தது. வெள்ளை உடுப்போடு மகள்தான் போய்க் கண்ணாடியில் தட்டினாள். அவளுக்கு எட்டு வயது. அவள் அழவில்லை. "அப்பா, ஓப்பின் த டோர்," என்று திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டு நின்றாள்.

அன்றோடு விட்டுவிட்டார் என்று எழுத ஆசைதான். விட இன்னும் ஒரு வருடம் எடுத்தது. பரமற்றாவில் குடியை நிறுத்தியவர்கள் கூடுகிற ஒரு கூட்டத்துக்குக் கிழமைக்குக் கிழமை ரயிலேறிப் போனார். பாட்டுகளைப் பெட்டியில் கட்டிக் கராஜுக்குள் வைத்தார். கலியாண வீடுகளில் வாசல் கதிரையைப் பிடித்துக்கொண்டு இருக்கத் தொடங்கினார். யாராவது ஆடக் கூப்பிட்டால், "முழங்கால் சரியில்லை," என்பார். அது பொய் என்று எனக்குத் தெரியும். கராஜிலிருந்த பெட்டியை நான் ஒருநாள் அவரிடம் சொல்லாமலே பழைய சாமான் கடையில் கொடுத்துவிட்டேன். அவர் அதைப் பற்றிக் கேட்கவே இல்லை.

இத்தனை வருடத்துக்குப் பிறகு, அதே ஆட்களைப் பார்க்க அவரோடு நானே போனேன், காவலுக்கு.

மெல்பேர்னில், நோபல் பார்க் என்ற இடத்தில் அவருடைய தம்பி வீட்டில் தங்கினோம். ஞாயிறு காலைப் பூசைக்குப் போய்விட்டு, புட்டும் நண்டுக் கறியும் சாப்பிட்டுவிட்டு வெளிக்கிட்டோம். "அண்ணி, நீங்களோ உதுக்குப் போறியள்?" என்று தம்பி கேட்டுச் சிரித்தான். "ஓம், நான்தான்," என்றேன்.

பூங்காவுக்குள் நுழைந்ததும் பயம் கொஞ்சம் குறைந்தது. மொட்டைத் தலைகளும் பெருவயிறுகளும், மூக்கில் பூசிய வெயில் களிம்பும், மடக்குக் கதிரைகளுமாக எங்கள் கோயில் பிக்னிக் போலத்தான் இருந்தது. மேடைக்கு வந்த பாட்டுக்காரன் வரிகளை ஒரு திரையைப் பார்த்துப் பாடினான். பாட்டுக்கும் பாட்டுக்கும் நடுவில் கதிரையில் இருந்தபடி மூச்சு வாங்கினான். ஏழு பேரில் இரண்டு பேர் இப்போது இல்லை என்றான். தான் குடியை விட்டுக் கனகாலம் என்றான். "பழைய நாள்களில் என்ன நடந்தது என்று எனக்கு ஞாபகமே இல்லை. அங்கே நின்ற ஆட்கள் யாராவது இருந்தால் எனக்குச் சொல்லுங்கள்," என்றான். எல்லோரும் சிரித்தார்கள். என் கணவர் சிரிக்காமல், வகுப்பில் பிள்ளைகள் உயர்த்துவதுபோல் கையை உயர்த்தினார். அவ்வளவு சனத்துக்குள் அதை நான் மட்டும்தான் கண்டேன்.

அடுத்த பாட்டுத் தொடங்கியதும் பக்கத்தில் நின்ற ஒரு பெரிய மனிதர் பியர் ரின் ஒன்றை அவரிடம் நீட்டினார். நான் ஓர் அடி கிட்டப் போய் நின்றேன். அவர் ரின்னைப் பார்த்தார், பிறகு அந்த மனிதரின் முகத்தைப் பார்த்தார்.

"தாங்ஸ் மேற். நான் குடிக்கிறேல்லை," என்று பாதி ஆங்கிலத்திலும் பாதி தமிழிலுமாகச் சொல்லிவிட்டு, தோளில் கொழுவியிருந்த பையை என்னிடம் தந்தார். பிறகு ஆடினார்.

நான் கலியாணம் செய்து முப்பது வருடத்துக்கு மேல். குடிக்காமல் அவர் ஆடி அன்றுதான் பார்த்தேன். தோள் இரண்டும் தளர்ந்து, கால் தரையை விட்டு அதிகம் எழும்பாமல், இடுப்பில் மட்டும் பைலா. தள்ளாட்டம் இல்லை, ஒருவர் மேலும் விழவில்லை. அப்போதுதான் எனக்கு ஒன்று விளங்கியது. குடி அவருக்கு ஆட்டத்தைக் கொடுக்கவில்லை. ஆட்டம் முதலே அவரிடம் இருந்தது. முன்னால் நின்ற இருபது வயதுப் பெண்பிள்ளைகள் இரண்டு பேர் திரும்பிப் பார்த்து அவருடைய காலடியைப் பழகத் தொடங்கினார்கள். அவர்களுக்குப் பாட்டின் வரிகளெல்லாம் மனப்பாடம். அவர்கள் பிறக்க முதலே உடைந்துபோன குழு அது.

காருக்குள் ஏறியதும் நான் சொல்லிவிட்டேன்.

"இஞ்சாருங்கோ, உங்கட பாட்டுப் பெட்டியை நான்தான் கடையில குடுத்தனான்."

"தெரியும். அடுத்த கிழமையே அங்க கண்டனான். கையில எடுத்துப்போட்டு, அப்பிடியே வைச்சிட்டு வந்திட்டன்."

அவருக்கு என்மேல் கோபம் இருந்ததா என்று கேட்டேன். "உம்மில என்ன கோபம்," என்றார்.

மறுநாள் சிட்னிக்குத் திரும்பும் வழியில், அல்பரியில் தேத்தண்ணிக்கு நிறுத்தினோம். கப்பை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, நான் ஒருநாளும் கேட்டிராத ஒரு கதையை அவர் சொன்னார். பிஸ்கட் தொழிற்சாலையில் பெட்டி அடுக்கும் இடத்தில் ஒரு வெள்ளைக்காரப் பையன் பக்கத்தில் நின்றானாம்.

"முதல் மாசம் முழுக்க என்னோட கதைச்சது அவன் ஒருத்தன்தான். அவன்தான் என்னை அந்த மாடிக்குக் கூட்டிக்கொண்டு போனவன். பிறகு அவங்கள் போற இடமெல்லாம் பின்னால போனான். அவங்கள் எடுத்ததெல்லாம் தானும் எடுத்தான். ஒருநாள் வேலைக்கு வரேல்லை. இருபத்திநாலு வயசு. தாய் தொழிற்சாலைக்கு வந்து அவன்ர கோட்டை வாங்கிக்கொண்டு போனவ."

கப்பை மேசையில் வைத்துவிட்டுச் சொன்னார்.

"பாடினவன் இருக்கிறான். ஆடினவன் போயிட்டான்."

"ஏன் இவ்வளவு நாளும் சொல்லேல்லை?"

"சொல்ல வெளிக்கிட்டாலே குடிக்கோணும் போல இருக்கும்."

"இப்ப?"

"இப்ப தேத்தண்ணி போதும்," என்றார்.

நவம்பரில் எங்கள் தமிழ்ப் பூசையில் இறந்தவர்களின் பெயர்களை வாசிப்பது வழக்கம். வீட்டுக்கு ஒரு துண்டு தருவார்கள். அவருடைய தாய் தகப்பன், என் தகப்பன், கடலில் போன என் மாமா என்று நான் எழுதிக்கொண்டு வந்தேன். அவர் பேனையை வாங்கி, எல்லோருக்கும் கீழே, தமிழ் எழுத்தில் ஓர் ஆங்கிலப் பெயரை எழுதினார். கோயிலில் வாசித்த அன்ரி அந்தப் பெயரில் தடக்கி நின்றா. கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு இரண்டாம் முறையும் பிழையாகவே வாசித்தா. என் கணவர் குனிந்த தலையை நிமிர்த்தாமல், அதைச் சரியான உச்சரிப்பில், எனக்கு மட்டும் கேட்கும்படி ஒருமுறை சொன்னார்.