பட்டியோடு நடந்த மூன்று நாள்

எனக்கு அப்போது இருபத்திரண்டு வயது. ஐம்பதுகளின் கடைசி. யாழ்ப்பாணத்திலிருந்து முல்லைத்தீவுப் பக்கம் மாட்டு வைத்திய உதவியாளனாக வந்து நாலு மாதம் ஆகியிருந்தது. மழைக்கு முன் எருமைகளுக்குத் தொண்டை அடைப்பானுக்கு ஊசி போட்டு முடிக்கவேண்டும் என்பது எனக்குத் தரப்பட்ட வேலை. மழை விழுந்து தரை சேறானதும் அந்த நோய் வரும். தொண்டை வீங்கி, மூச்சுத் திணறி, காலையில் மேய்ந்த எருமை மாலையில் செத்துக் கிடக்கும்.

புரட்டாதிக் கடைசியில் ஒரு நாள், மருந்துக் குப்பிகளை, சூட்டையும் குளிரையும் காக்கும் சுடுதண்ணிப் போத்தலுக்குள் ஐஸ் போட்டு வைத்துக்கொண்டு நாயாற்றுத் தரவைக்குச் சைக்கிளில் போனேன். தரவை என்றால் கடல்நீரேரியின் ஓரத்தில் தொடங்கிக் காடுவரை கிடக்கும் புல்வெளி. நான் வளர்ந்த ஊரில் எந்தப் பக்கம் திரும்பினாலும் ஒரு வேலி கண்ணில் படும். இங்கே பார்வையை மறிக்க ஒன்றுமில்லை. காற்று அடிக்க, காய்ந்து மஞ்சளான புல் முழுவதும் ஒரே பக்கம் சாய்ந்து நிமிர்ந்தது. தூரத்தில் மேய்ந்த புள்ளிமான்கள் தலை தூக்கி என்னைப் பார்த்துவிட்டுத் திரும்பவும் குனிந்தன. வந்த வேலையை மறந்து கொஞ்ச நேரம் சும்மா நின்றேன்.

நான் தேடிப்போன எருமைப் பட்டி அங்கே இல்லை. கொட்டில் இருந்த இடத்தில் நாலு குழியும் சூடு ஆறாத சாம்பலும்தான் மிச்சம். ஐஸ் மூன்று நாளைக்குத்தான் தாங்கும். குளம்படிகளைப் பார்த்துப் பார்த்து மேற்கே சைக்கிளை உருட்டினேன். பொழுது சாயும் நேரத்தில்தான் அவர்களைக் கண்டேன்.

கணவன், மனைவி இரண்டே பேர். மனைவிக்கு முப்பத்தைந்து வயது இருக்கும். கையில் தடிகூட இல்லாமல் எருமைகளுக்கு முன்னால் நடந்துகொண்டிருந்தா. அவர் கடைசியில், கன்றுகளோடு வந்தார். வருஷத்தில் மூன்று இடம் மாறுகிறவர்கள். வெயிலுக்கு நீரேரிக் கரை, மழைக்கு நெடுங்கேணிப் பக்கத்து மேட்டுத் தரவை, நெல் வெட்டு முடிந்தால் வயல்வெளி.

"ஏன் அக்கா, மழைக்கு இன்னும் நாள் கிடக்கே?" என்று கேட்டேன்.

"தாரா வந்திட்டுது தம்பி," என்றா. காட்டு வாத்தைத்தான் சொன்னா. "முந்தநாள் விடிய நீரேரி முழுக்கத் தாராவும் உள்ளான் குருவியும். அதுகள் வந்தா நாங்கள் வெளிக்கிட்டிடுவம். பிந்தினால் உந்தத் தரவை தண்ணிக்குள்ளை."

நிற்க அவர்களுக்கு நேரமில்லை. நானும் கூட நடந்து, தங்கும் இடங்களில் ஊசி போடுவது என்று முடிவானது. ஆனால் முதல் எருமையை நான் நெருங்கியதுமே அது மூசிக்கொண்டு விலகியது, மற்றவையும் கலைந்தன. அவ என்னை மேலும் கீழும் பார்த்தா.

"உந்தக் காற்சட்டையைக் கழட்டுங்கோ. சவுக்கார மணம் அதுகளுக்குப் பிடியாது."

கணவரின் பழைய சாரம் ஒன்றைத் தந்தா. புகையும் சாணமும் மணத்தது. அதைக் கட்டிக்கொண்டு திரும்பப் போனேன். அவ ஒவ்வொன்றையும் பேர் சொல்லிக் கூப்பிட்டா. கூப்பிட்டது மட்டும் வந்தது. மற்றவை நின்ற இடத்திலேயே நின்றன. அவ அதன் கொம்படியைச் சொறிந்து ஏதோ கதைத்துக்கொண்டிருக்க, நான் கழுத்தில் ஊசியை ஏற்றினேன். எந்த எருமைக்குப் போட்டது, எந்த எருமைக்குப் போடவில்லை என்று நான் கொப்பியில் குறித்தேன். அவவுக்குக் கொப்பி தேவைப்படவில்லை.

இரண்டாம் நாள் மத்தியானம் காட்டோரத்தில் ஒரு குழுவன் வந்து நின்றது. குழுவன் என்பது காட்டு எருமைக் கடா. ஆளைக் கண்டால் குத்தும். நான் சிரிஞ்சோடு வெளியில், மறைவில்லாத இடத்தில் குந்தியிருந்தேன். அது தலையைத் தாழ்த்தி முன்காலால் மண்ணைக் கிளறியது.

"தம்பி, ஓடாதேங்கோ. இருந்தபடி இருங்கோ," என்றா அவ. குரல் உயரவே இல்லை.

பிறகு ஒரு பேரைச் சொல்லிக் கூப்பிட்டா. கொம்பு வளைந்த ஒரு கிழட்டு எருமை என்னை நோக்கி நடந்தது. அதன் பின்னால் பட்டி முழுவதும் வந்து என்னைச் சுற்றி நின்றது. நான் கால்களுக்கு நடுவே, கன்றுகளோடு கன்றாக இருந்தேன். குழுவன் எவ்வளவு நேரம் நின்றது என்று தெரியாது. அது போனதும் நான் எழும்பிச் சிரிஞ்சோடு அடுத்த எருமையிடம் போகப் பார்த்தேன். "தேத்தண்ணி குடிச்சிட்டு ஊசியைப் போடுங்கோ," என்றார் கணவர். அந்த மூன்று நாளில் அவர் என்னோடு கதைத்தது அவ்வளவுதான்.

அன்று பின்னேரம் தாராக்கள் ஒரு கூட்டம் தலைக்கு மேலால் போனது. பள்ளிக்கூடத்துப் பூமிசாத்திரப் புத்தகத்தில் படித்ததை அவவுக்குச் சொன்னேன். வடக்கே, மலைகளுக்கு அப்பால், மாதக்கணக்கில் நடந்தாலும் முடியாத புல்வெளிகள் இருக்கின்றன. இந்தத் தாராக்களில் பல அங்கேயிருந்துதான் வருகின்றன. அங்கேயும் ஆட்கள் கூடாரத்தைக் கழற்றி ஏற்றிக்கொண்டு விலங்குகளோடு இடம் மாறுகிறார்கள்.

"எருமையோ வைச்சிருக்கினம்?"

"இல்லை அக்கா. குதிரையும் செம்மறியும். குதிரைப் பாலும் குடிப்பினம்."

அவ சிரிக்கவில்லை. கொஞ்சம் யோசித்தா. "புளிக்க வைச்சுத்தான் குடிப்பினம், என்ன? நடக்கிற சனத்துக்குப் பச்சைப்பால் நிண்டுபிடியாது."

அது உண்மை. புத்தகத்தில் அப்படித்தான் இருந்தது. நான் அதை மனப்பாடம் செய்து பரீட்சையில் எழுதியவன். அவவுக்குத் தன் நடையிலிருந்தே அது தெரிந்தது.

மூன்றாம் நாள் காலை, ஐஸ் முழுக்கக் கரைவதற்குள் கடைசிக் கன்றுக்கும் ஊசி போட்டு முடித்தேன். மேட்டுத் தரவையை அடைந்தபோது முதல் மழை பிடித்துக்கொண்டது.

அந்த மாரியில் பல ஊர்களில் எருமைகள் செத்தன. தை மாதம் ஒரு காலை அவ நான் வேலை செய்த மாட்டு வைத்தியக் கந்தோர் வாசலில் வந்து நின்றா. அவ்வளவு தூரமும் நடந்தே வந்திருந்தா.

"ஒண்டும் சாகேல்லை, தம்பி," என்றா. நன்றி சொல்லத்தான் வந்தா என்று நினைத்துக் கதிரையை இழுத்துப் போட்டேன். அவ அதில் இருக்கவில்லை. "எனக்கு ஊசி போடக் காட்டித் தாருங்கோ. நீங்கள் எங்களைத் தேடி அலையத் தேவையில்லை. மருந்தைத் தந்தாப் போதும்."

சட்டத்துக்கு அது சரியோ என்று நான் யாரிடமும் கேட்கவில்லை. கந்தோருக்குப் பின்னால் நின்ற வாழையைக் காட்டி, சிரிஞ்சில் தண்ணீர் நிரப்பிக் கொடுத்தேன். முதல் முறை ஊசி கோணலாக இறங்கியது. இரண்டாம் முறை நேராக ஏற்றினா. மூன்றாம் முறை, எருமையின் கழுத்தைத் தடவுவதுபோல் இடது கையால் வாழைத்தண்டைத் தடவி, மெதுவாக ஏதோ கதைத்தபடி ஏற்றினா. நான் திருத்துவதற்கு எதுவும் இருக்கவில்லை.