அக்காவின் அழுகை காமெடியானது

ஒரே வருஷத்தில் ஒரு புராணப் படம், ஒரு சண்டைப் படம், ஒரு சிரிப்புப் படம் எடுத்து மூன்றையும் ஓடவைத்தவர் எங்கள் டைரக்டர். தயாரிப்பாளரும் அவர்தான். கதையை அவர் சொல்வார், வசனத்தை நான் எழுதுவேன். அப்படிப்பட்டவர் ஒருநாள், "அடுத்தது உங்க ராயபுரத்துக் கதைய்யா. துறைமுகக் கூலியோட பெண்டாட்டி கதை" என்றதும் எனக்குத் தலைகால் புரியவில்லை.

கொருக்குப்பேட்டையில் இருந்த என் அக்கா வீட்டுக்கு அவரை அழைத்துப் போனேன். கப்பலில் சரக்கு இறக்கும்போது மூட்டை சரிந்து அக்காவின் கணவர் இறந்து அதிக காலம் ஆகியிருக்கவில்லை. அன்று துறைமுக வாசலில் நடந்ததை அக்கா சொன்னாள்.

"உள்ள வுட மாட்டேன்னுட்டான் சார். எம் புருசன் உள்ள கீறான்யா, உசுரோட கீறானா இல்லியா, அத்த மட்டும் சொல்லிடுன்னு காவக்காரன் கால்ல வுயுந்தேன்."

டைரக்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "ஒரு எழுத்து மாத்தாதே" என்றார் என்னிடம்.

நான் மாற்றவில்லை. கதாநாயகியும் தொண்டை கட்டும்வரை அழுது நடித்தாள். எடுத்தவரைக்கும் விநியோகஸ்தர்களுக்குப் போட்டுக் காட்டினோம். அந்த இடம் வந்ததும் முன்வரிசையில் ஒருவர் சிரித்தார். அப்புறம் எல்லோருமே சிரித்தார்கள்.

"கதாநாயகி இப்படிப் பேசினா எவன் சார் அழுவான்? இது காமெடியன் பாஷை."

டைரக்டர் என்னைத் தனியே கூப்பிட்டார். "'என் நாதர் நலமா? அதை மட்டுமாவது கூறுங்கள்'னு மாத்திடு."

"கூலிக்காரன் பெண்டாட்டி எங்க சார் நாதர்னு சொல்லுவா?"

"சொல்ல மாட்டா. எனக்கும் தெரியும். நான் எந்த மாதிரிப் படமும் எடுப்பேன்யா, ஓடாத படம் மட்டும் எடுக்க மாட்டேன்."

கத்திப் பார்த்தேன், கெஞ்சிப் பார்த்தேன். அதோடு விட்டாரா? பழைய வசனத்தைக் காமெடி நடிகருக்குக் கொடுத்துவிட்டார். வீட்டைவிட்டுத் துரத்தப்பட்ட புருஷன் தெருக்கதவைத் தட்டி, "எம் பொஞ்சாதி உள்ள கீறாய்யா" என்று மூக்கைச் சிந்துகிற காட்சி அது.

படம் வந்ததும் பார்த்தே தீருவேன் என்றாள் அக்கா. எவ்வளவு தடுத்தும் கேட்கவில்லை. வண்ணாரப்பேட்டைக் கொட்டகையில் அந்த இடத்தில் விசில் பறந்தது. நம் பாஷை பேசுகிற நம் ஜனங்களே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். அக்கா எழுந்து வெளியே போய்விட்டாள். பின்னால் ஓடினேன்.

"அது நான் அயுத அயுகடா. அத்த ஏன் நைனா அவன் வாயில குடுத்தே?"

நான் கொடுக்கவில்லை என்றேன். யார் கொடுத்தால் அவளுக்கு என்ன?

படம் நன்றாக ஓடியது. அடுத்து மறுபடி புராணம். அசுரனின் வாயிற்காப்போனுக்கு மெட்ராஸ் பாஷையில் காமெடி வேண்டுமாம். "உன்னை விட்டா யாருய்யா எழுதுவா?" என்றார் டைரக்டர். முடியாது என்றேன். அவர் கோபப்படவில்லை, அன்று சாயங்காலமே வேறொருவரைப் பிடித்துவிட்டார்.

நான் துறைமுகத்தில் சரக்கு விடுவிக்கும் ஏஜெண்ட் ஒருவரிடம் குமாஸ்தாவாகச் சேர்ந்தேன். டைரக்டர் துப்பறியும் படம், குடும்பப் படம், பேய்ப் படம் என்று எடுத்துக்கொண்டே இருந்தார். திறமை இல்லாத மனிதர் என்றால் மன்னித்திருப்பேன். எந்தப் படத்தையும் அவரால் எடுத்திருக்க முடியும். அக்காவின் அழுகையை அழுகையாகவே எடுக்கவில்லையே என்ற எரிச்சல் எனக்கு இன்னும் அடங்கவில்லை.