தள்ளாத கை

சக்கரம் உள்ள எதுவும் செலஸ்டீனைத் தாண்டித் தானாகப் போய்விட முடியாது. போன வாரம் துறைமுகத் தெருவில் நின்றிருந்த ஒரு டாக்ஸியைப் பத்தடி தூரம் தள்ளிவிட்டார். டிரைவர் பின்னாலேயே ஓடிவந்தார். "யோவ், நான் பேப்பர் வாங்க நிறுத்தினேன்யா!"

"அதுக்கென்ன, முன்னாடிதானே போயிருக்கு" என்றார் செலஸ்டீன்.

இருபத்திரண்டு வருஷமாகச் சர்க்கரை மூட்டை வண்டி தள்ளுகிறவர். வலது தோள் சற்றே இறங்கியிருக்கும். சும்மா நிற்கும்போதும் உடம்பு முன்பக்கம் சாய்ந்திருக்கும். எதைத் தள்ளினாலும் "போ ராசா" என்று ஒரு வார்த்தை சொல்லித்தான் தள்ளுவார்.

அவருடைய மனைவி யூலலியின் தம்பி ஆல்ரிக், சைக்கிள் பந்தயக்காரன். சவானா மைதானத்தின் புல்தரையில் ஓட்டிய முதல் பந்தயத்திலிருந்தே புறப்படும்போது அவனுடைய சைக்கிள் சீட்டைப் பிடித்து நிற்பவர் செலஸ்டீன்தான். ஓட்டுபவனின் கால்கள் இரண்டும் பெடலில் இருக்கும். பின்னால் ஒருவர் பிடிக்காவிட்டால் விழுந்துவிடுவான். துப்பாக்கி வெடித்ததும் பிடித்தவர் ஒரு தள்ளு தள்ளி அனுப்புவது போர்ட் ஆஃப் ஸ்பெயினில் எல்லோரும் செய்வது. யாரும் அதைக் குற்றமாக நினைத்ததில்லை.

சுற்றியுள்ள தீவுகள் எல்லாம் சேர்ந்து நடத்திய முதல் சைக்கிள் போட்டி இந்த ஆண்டு இங்கேதான் வந்தது. அரையிறுதியில் ஆல்ரிக் ஜெயித்தான். வெள்ளைக் கால்சட்டை நடுவர் நேராகச் செலஸ்டீனிடம் வந்தார்.

"பிடிக்கலாம், தள்ளக்கூடாது. நாளைக்கு இறுதிப் பந்தயத்துலயும் தள்ளினா உங்க ஆளு போட்டியிலேயே இல்ல."

மைதானத்தில் இளநீர் விற்பவர் அங்கேயே கேலியை ஆரம்பித்துவிட்டார். "ஏ செலஸ்டீன், நாளைக்குக் கையை வீட்ல கழட்டி வச்சுட்டு வா! ஓட்டுற ரெண்டு பேரும் முதல் சுத்து பூரா நத்தை மாதிரி ஊர்ந்து, ஒருத்தனை ஒருத்தன் வேவு பாத்து, கடைசி இருநூறு கெஜத்துலதான் பறக்கப்போறானுங்க. அதுல நீ தள்ளி என்ன ஆகப்போகுது?"

"வேகத்துக்கா தள்ளுறேன்?" என்றார் செலஸ்டீன். "தனியாப் போறோம்னு அவனுக்குத் தோணக்கூடாதுல்ல."

சீட்டை வேறு ஆள் பிடிக்கட்டும் என்றார்கள் மற்றவர்கள். ஆல்ரிக் மறுத்துவிட்டான். "மச்சான் பிடிச்சாத்தான் எனக்குச் சைக்கிள் ஆடாம நிக்கும்."

மறுநாள் விடிந்ததும் கொல்லையில் ஒத்திகை. யூலலி பாவாடையைத் தூக்கிச் செருகிக்கொண்டு சைக்கிளில் ஏறினாள். "டமார்!" என்று அவளே வெடி போட்டாள். செலஸ்டீன் தள்ளிவிட்டார். மூன்று தடவையும் ஈரப்பலா மரத்தில் போய் மோதினாள்.

"மனுஷனா நீ? இன்னொரு தடவை தள்ளு, உப்புமீனும் கிடையாது, ரொட்டியும் கிடையாது!"

நான்காவது தடவை கை பிடியை மட்டும் விட்டது, தள்ளவில்லை. யூலலி நின்ற இடத்திலேயே சைக்கிளோடு சாய்ந்தாள். விழுந்து கிடந்தபடியே கை தட்டினாள்.

மாலை, இறுதிப் பந்தயம். எதிரே பார்படோஸ்காரன். செலஸ்டீன் உள்ளங்கையில் ஊதிக்கொண்டு சீட்டைப் பிடித்தார். நடுவரின் கண் அந்தக் கையில்தான் இருந்தது. ஆல்ரிக் திரும்பாமலே கேட்டான்: "மச்சான், இருக்கியா?"

"இருக்கேன். போ ராசா."

வெடித்தது. தோள் ஒருமுறை துடித்தது. கை விரிந்து அப்படியே காற்றில் நின்றது. ஆல்ரிக் மிதிக்க, சைக்கிள் தானாக உருண்டுபோனது.

அதன்பிறகு அவர் பந்தயப் பாதையைப் பார்க்கவே இல்லை. இருவரும் ஊர்ந்ததையும், ஒருகட்டத்தில் கிட்டத்தட்ட நின்றேவிட்டதையும், பார்படோஸ்காரன் முதலில் பாய்ந்ததையும் கூட்டத்தின் சத்தத்தில்தான் தெரிந்துகொண்டார். விரித்த கை இறங்கவில்லை. அரைச் சக்கர வித்தியாசத்தில் ஆல்ரிக் ஜெயித்தான் என்று இளநீர்க்காரர் ஓடிவந்து கட்டிப்பிடித்தபோதும் இறங்கவில்லை.

ஆல்ரிக் கால் சோர்ந்து, பெடலை மிதிக்க முடியாமல் மெல்ல உருண்டு வந்தான். செலஸ்டீன் நடுவரைப் பார்த்தார். "முடிஞ்சுதுங்களா ஐயா?"

நடுவர் சிரித்துத் தலையசைத்தார்.

செலஸ்டீன் அந்தக் கையை மச்சினனின் முதுகில் வைத்தார். மைதானம் முழுக்க ஒரு சுற்று, தள்ளிக்கொண்டே போனார்.