நடுவில் மாடு எதற்கு?

நான் வேதியியல் பட்டதாரி. இதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அந்த வருடம் எங்கள் தெருவில் நான் வாங்கிய பெயர் எல்லாம் அந்தப் பட்டத்தை வைத்துத்தான்.

தொண்ணூறுகளின் நடுவில் கல்யாணமாகி முக்கூடலுக்குப் பக்கத்து ஊர் ஒன்றுக்கு வந்தேன். வீட்டில் என் கணவர், அவருடைய அம்மா, நான். தொழுவில் ஒரு கறவைப் பசுவும் ஒரு ஜோடி உழவு மாடும். கணவருக்குப் பாளையங்கோட்டையில் அலுவலக வேலை. விடிந்ததும் வயலை ஒரு சுற்றுச் சுற்றிவிட்டு பஸ் பிடிக்க ஓடுவார். அத்தைக்குப் பசுதான் எல்லாம். கன்று போட்டு ஒரு மாதம்தான் ஆகியிருந்தது. அதனிடம் பேசுகிற குரலில் பாதியாவது என்னிடம் பேசியிருந்தால் நான் அவளுக்குக் கோயில் கட்டிக் கும்பிட்டிருப்பேன்.

அடுப்படியில் விறகும் வறட்டியும்தான். புகை என்றால் அப்படி ஒரு புகை. ஊதி ஊதிக் கண் சிவந்து நான் வெளியே வந்தால், யாரோ செத்துப்போன வீட்டிலிருந்து வருகிறவள் மாதிரி இருப்பேன். சாண எரிவாயு போடலாம் என்று கல்யாணமான மாதத்திலிருந்தே நச்சரித்துக்கொண்டிருந்தேன். அத்தை மசியவில்லை.

"சாணியில வந்த காத்துல சமைச்சுத் திங்கணுமாக்கும்? அதுக்கு நான் பட்டினி கெடப்பேன்."

அவளை மசிய வைத்தது என் வாதத் திறமை இல்லை, என் நாத்தனார். அவளுக்குத் தலைப்பிரசவம். ஏழாம் மாதம் முடிந்து தாய்வீட்டுக்கு வரவேண்டும். ஆனால் அவளுக்குச் சின்ன வயதிலிருந்தே இளைப்பு. புகை பட்டால் மூச்சு இழுக்கும். இந்த வீட்டுப் புகையில் கொண்டுவந்து விடமாட்டோம், பிரசவத்தை இங்கேயே பார்த்துக்கொள்கிறோம் என்று அவள் மாமியார் வீட்டில் சொல்லிவிட்டார்கள். மறுநாள் காலையில் அத்தை பசுவுக்குத் தண்ணீர் காட்டிக்கொண்டே, என்னைப் பார்க்காமல் சொன்னாள்:

"குழி எங்கன தோண்டணும்னு பாத்துச் சொல்லு."

கொல்லையில் குழி வெட்டி, கொத்தனார் வந்து கும்மட்டம் கட்டி, சாணம் கரைக்க ஒரு தொட்டியும் வைத்தாகிவிட்டது. ஒன்றிய அலுவலகத்திலிருந்து வந்த அதிகாரி ஒரே வரியில் பாடம் எடுத்தார். "ஒரு பங்கு சாணி, ஒரு பங்கு தண்ணி. வேற எதையும் உள்ள விடாதீங்கம்மா." சரி சரி என்று தலையாட்டினேன். பட்டதாரிக்கு இதெல்லாம் ஒரு பாடமா?

சில வாரத்தில் அடுப்பு எரிந்தது. நீலமாக, புகையே இல்லாமல்! வாயு போக மிஞ்சிய சாணக் குழம்பு மறுபக்கம் வழிந்து வந்தது. முன்பெல்லாம் சாணத்தை வறட்டி தட்டி எரித்துவிட்டு வயலுக்கு உர மூட்டை தேடுவோம். இப்போது அடுப்பும் எரிந்தது, உரமும் கிடைத்தது. கணவர் அதை வாய்க்காலில் கலந்து நெல்லுக்குப் பாய்ச்சிவிட்டு, பயிரின் நிறத்தைப் பார்த்துத் தரையில் நிற்கவில்லை. நாத்தனார் வீட்டுக்கும் கடிதம் போட்டாகிவிட்டது. வருகிற தேதியும் குறித்தாயிற்று.

ஒரே ஒரு குறை. சோறும் குழம்பும் வெந்ததும் தீ சுணங்கிவிடும். பிள்ளைத்தாய்ச்சிக்கு வெந்நீர் வேண்டும், கஷாயம் வேண்டும். மறுபடி விறகைப் பற்ற வைத்தால் இத்தனையும் எதற்கு? அங்கேதான் என் படிப்பு வேலை செய்யத் தொடங்கியது. மாடு கஞ்சி குடிக்கிறது. சாணம் போடுகிறது. சாணத்திலிருந்து வாயு வருகிறது. அப்படியானால் கஞ்சியையே நேராகக் குழியில் ஊற்றிவிட்டால் என்ன? நடுவில் மாடு எதற்கு?

எங்கள் வீட்டுக் கொல்லைவாசலில் ஒரு கழனிப்பானை உண்டு. அரிசி களைந்த தண்ணீர், வடிகஞ்சி, மிஞ்சிய பழைய சோறு எல்லாம் அதில் சேரும். பக்கத்து வீடுகளிலிருந்தும் கொண்டுவந்து ஊற்றுவார்கள். அத்தை அதில் தவிடும் பிண்ணாக்கும் போட்டுக் கலக்கிப் பசுவுக்கு வைப்பாள். தினமும் அத்தை குளிக்கப் போகிற நேரம் பார்த்து, பானையில் முக்கால் பங்கைக் குழித் தொட்டியில் சாய்த்துவிட்டு, பானைக்குப் பச்சைத் தண்ணீர் ஊற்றி வைத்தேன்.

அடேயப்பா, என்ன தீ! மூன்று நாள் அடுப்பு கொழுந்துவிட்டு எரிந்தது. சோறு வெந்து, குழம்பு கொதித்து, இரண்டு அண்டா வெந்நீர் காய்ந்தும் தீ குறையவில்லை. எனக்குத் தலைகால் புரியவில்லை. அக்கம்பக்கத்துப் பெண்களைக் கூப்பிட்டுக் காட்டினேன்.

நான்காம் நாள் பால் குறைந்தது. ஐந்தாம் நாள் இன்னும் குறைந்தது.

"எவளோ கண்ணு வச்சிட்டா" என்று அத்தை மிளகாயும் உப்பும் சுற்றிப் போட்டாள். அடுத்த வீட்டு மதினியைத்தான் சந்தேகப்பட்டாள். எனக்கு உள்ளுக்குள் உதைத்தது. ஆனாலும் இன்னும் ஒரே ஒரு நாள் ஊற்றிவிட்டு நிறுத்திவிடலாம் என்று நினைத்தேன். ஆறாம் நாள் அடுப்பைத் திருகினால் புஸ்ஸென்று காற்று வந்தது, தீ பிடிக்கவில்லை. குச்சியைக் காட்டக் காட்ட அந்தக் காற்றே அணைத்தது. தொட்டிப் பக்கம் போனால் புளித்த நாற்றம் அடித்தது. குழிக்குப் பசிதான் போலிருக்கிறது என்று மறுபடி பானையைத் தூக்கிச் சாய்த்தேன் பாருங்கள், பின்னால் அத்தை நின்றுகொண்டிருந்தாள்.

"வாயில்லாச் சீவன் வாயில போறத எடுத்து இந்தக் குழியில ஊத்துதியே, குழியா பால் கறக்கும்?"

கஞ்சி, சாணம், வாயு என்று மூன்று வார்த்தையில் விளக்கப் பார்த்தேன்.

"மாட்டு வயித்துக்குள்ள நடக்கது எதையும் ஒங்க காலேஜ்ல சொல்லித் தரலியோ? ஏட்டி, எம்மவ வர இன்னும் பன்னெண்டு நாளுதான் கெடக்கு!"

அதைச் சொல்லும்போது அவள் குரல் உடைந்துவிட்டது. திட்டியதோடு நிறுத்தியிருந்தால் தாங்கியிருப்பேன். நான் அங்கேயே தொட்டி ஓரத்தில் உட்கார்ந்து அழுதேன்.

அதிகாரியிடம் ஓடினார் கணவர். குழி புளித்துவிட்டது என்றாராம் அந்த அதிகாரி. கஞ்சியை நிறுத்தணும், தெளிந்த சுண்ணாம்புத் தண்ணீர் கொஞ்சம், தினமும் புதுச் சாணம் நிறைய. பிழைத்தாலும் பிழைக்கும். ஆனால் அவ்வளவு சாணத்துக்கு எங்கே போக? உழவு மாடு இரண்டும் போடுவது தினப்படிக்கே பத்தாது. அரை வயிற்றுக் கஞ்சி குடித்த பசு அரைக் கூடைச் சாணம்தான் போட்டது. நடுவில் மாடு எதற்கு என்ற கேள்விக்கு அது போட்ட பதில் அது.

அத்தை முந்தானையை உதறிச் செருகிக்கொண்டு தெருவுக்குப் போனாள். நடந்ததை ஒன்று விடாமல் எல்லா வீட்டிலும் சொன்னாள். என் மானம் தெருக்கோடி வரை போய்த் திரும்பியது. ஆனால் மறுநாள் விடிந்ததும் கொல்லை வாசலில் பேச்சுச் சத்தம். பார்த்தால், பெண்கள் வரிசையாகச் சாணிக்கூடையோடு வருகிறார்கள். முன்னால் வந்தவள் அடுத்த வீட்டு மதினியேதான். கூடைச் சாணத்தின் உச்சியில் ஒரு மஞ்சள் துண்டும் செம்பருத்தியும் வைத்திருந்தாள்.

"பிள்ளைத்தாய்ச்சிக்குச் சீர் கொண்டாந்திருக்கோம், வாங்கிக்கிடுங்க சம்பந்தி" என்றாள் என்னைப் பார்த்து. பின்னால் யாரோ குலவையே போட்டுவிட்டாள்.

"குழியில இருந்து வழியதுல கூடைக்குக் கூடை எங்க வயலுக்குத் தந்துரணும், ஆமா" என்றாள் இன்னொருத்தி.

பஸ்ஸுக்குக் கிளம்பிய கணவர் வாசலில் திகைத்து நின்றார். "என்னளா, வீட்டுல விசேஷமா?"

"சாணிச் சீருங்க" என்றேன். அழுத கண்ணோடு சிரிப்பை அடக்க முடியவில்லை.

தினமும் சீர் வந்தது. நானும் அத்தையும் கையை முழங்கை வரை சாணத்தில் விட்டு எதிரும் புதிருமாக உட்கார்ந்து கரைத்தோம். கல்யாணமாகி அத்தனை நாளில் நாங்கள் அவ்வளவு பேசியதே இல்லை. கழனிப்பானை முழுசாகப் பசுவுக்குப் போனது, பால் ஏறியது. குழி மட்டும் வாய் திறக்கவில்லை. குச்சி, புஸ். குச்சி, புஸ். தீப்பெட்டி தீர்ந்ததே மிச்சம். நாத்தனார் வருகிற நாளும் விடிந்துவிட்டது. அத்தை கைகூப்பிக்கொண்டு நிற்க, நான் குச்சியைக் காட்டினேன். ஒரு மூலையில் துளி நீலம். சுற்றி ஓடியது. வட்டம் முழுதாகப் பிடித்து நின்றது! நான் போட்ட கூச்சலில் தொழுவில் மாடு எழுந்து நின்றுவிட்டது. அத்தை என் தலையில் நங்கென்று ஒரு குட்டு வைத்தாள், பிறகு அதே இடத்தைத் தடவிக் கொடுத்தாள்.

மதியத்துக்கு முன்னால் நாத்தனார் வந்து இறங்கினாள். வயிற்றைத் தாங்கிக்கொண்டு பைய நடந்து நேராக அடுப்படி வாசலுக்கு வந்து நின்றாள். உள்ளே எட்டிப் பார்த்தாள். மூச்சை இழுத்துப் பார்த்தாள். அப்புறம் உள்ளே வந்து, அடுப்புக்குப் பக்கத்தில் சுவரில் சாய்ந்து காலை நீட்டி உட்கார்ந்துவிட்டாள். அத்தை தோசைக்கல்லைப் போட்டு மாவை ஊற்றி, ஓரத்தில் நல்லெண்ணெய் விட்டு, திருப்பி எடுத்து மகள் தட்டில் வைத்தாள்.

நாத்தனார் தோசையைத் தொடவில்லை. அம்மாவின் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எம்மா, நீ தோசை சுட்டு நான் இன்னைக்குத்தான் பாக்கேன்."

இருபத்துமூன்று வருடம் மகளுக்குச் சோறு போட்டவள், புகைக்குப் பயந்து ஒரு நாள்கூட அவளை அடுப்புக்குப் பக்கத்தில் உட்கார வைத்துப் போட்டதில்லை. அத்தை கண்ணை முழங்கையால் துடைத்துக்கொண்டு இன்னொரு கரண்டி மாவு ஊற்றினாள். அன்றைக்கு நாத்தனார் ஏழு தோசை சாப்பிட்டாள்.