சாரதி பெயர் போடாதீர்கள்

நான் ஏற்றிய முதல் காணொளியை, என் கையிலிருந்த டீ ஆறுவதற்குள் அட்மின் அண்ணன் நீக்கிவிட்டார். மாட்டு வண்டிப் பந்தயங்களைப் படமெடுத்துப் பகிர்ந்துகொள்ளும் இணையக் குழு அது. கூடவே ஒரு குரல் செய்தியும் வந்தது. "ஆத்தா, நீ டீச்சருங்கிற. பேரு வைக்கிற முறைய வாசிக்க மாட்டியா? ஊரு, மாட்டு வகை, வருசம். அம்புட்டுத்தான். ஓட்டுனவன் பேர எதுக்குப் போட்ட?"

அண்ணனுக்கு உத்தமபாளையத்தில் செல்போன் பழுது பார்க்கும் கடை. கம்பம் பள்ளத்தாக்கில் எங்கே பந்தயம் நடந்தாலும் எங்கள் ஆட்களில் யாராவது சாலையோரம் செல்போனைத் தூக்கிக்கொண்டு நிற்பார்கள். சாயங்காலத்துக்குள் வீடியோ குழுவுக்கு வந்துவிடும். 'சின்னமனூர் பெரிய மாடு' என்று தேடினால் உடனே கிடைக்கும். அந்த ஒழுங்கு அண்ணன் கொண்டுவந்தது. வண்டி ஓட்டுகிற சாரதிகளின் பெயருக்குத் தடை விழுந்ததற்கும் காரணம் உண்டு. ஒருமுறை ஜெயித்தவர் பெயரைக் கோப்பில் போடப்போய், இரண்டாவதாக வந்தவரின் ஆட்கள் கடைக்கே வந்து அண்ணனின் சட்டையைப் பிடித்துவிட்டார்கள். "மாடு வம்புக்கு வராது, மனுசப் பேருதான் வம்பு" என்று பழைய கோப்புகளிலிருந்தும் பெயர்களை எடுத்துவிட்டார். அதன்பின் குழு சண்டை சச்சரவில்லாமல் நடந்தது. எனக்கும் அது சரியென்றே பட்டது.

போன வருடம் தேவதானப்பட்டிச் சாரதி ஒருவர் பைக் விபத்தில் இறந்துபோனார். காரியமெல்லாம் முடிந்தபின் அவர் மனைவி அண்ணனின் கடைக்கு வந்தார். அப்போது நானும் அங்கே இருந்தேன். அந்தப் பெண்ணின் இடுப்பில், பேச்சு பழகுகிற பையன். "அவுக போனும் அன்னைக்கே நொறுங்கிப் போச்சுண்ணே. வீட்ல இருக்கிறதெல்லாம் வெறும் போட்டோதான். அவுக வண்டி ஓட்டுறத இவன் பாக்கணும். உங்க குரூப்புல இருக்கும்னு சொன்னாக."

"அதுக்கென்னத்தா" என்று அண்ணன் உற்சாகமாகப் பெயரைத் தட்டினார். ஒன்றும் வரவில்லை. வராது என்பது எங்கள் இருவருக்கும் அப்போதுதான் உறைத்தது. எந்த ஊர்ப் பந்தயம் என்று கேட்டோம். "அவுக ஓட்டாத ஊரு ஏதுண்ணே?" என்றார் அந்தப் பெண்.

அண்ணன் கடை வேலையை ஒதுக்கிவிட்டு ஒவ்வொரு கோப்பாகத் திறந்து பார்க்க ஆரம்பித்தார். பாதியை நான் வாங்கிக்கொண்டேன். பார்க்கப் பார்க்க மனசு விட்டுப்போனது. பெயரில் மனிதரைத் தவிர்த்துப் பழகியவர்கள் படமெடுக்கும்போதும் தவிர்த்திருந்தோம். கொம்பையும் திமிலையும் விட்டுக் கேமரா நகரவே இல்லை. பின்னால் இருப்பவர் புழுதிக்குள் ஒரு துண்டு, ஓங்கிய ஒரு கை, அவ்வளவுதான். அத்தனை வருடம், அத்தனை வீடியோ, ஒரு முகத்தைக்கூடச் சேர்த்து வைக்கவில்லையே என்று இன்றும் ஆறவில்லை. கடைசியில் ஒன்றே ஒன்றில், மாடுகளை விரட்டும் குரல் அவருடையதுதான் என்று மனைவி அடையாளம் சொன்னார். அதிலும் முகம் மறுபக்கம் திரும்பியிருந்தது. அண்ணன் அந்தக் கோப்புக்கு ஊரும் வைக்கவில்லை, வருடமும் வைக்கவில்லை. இறந்தவரின் பெயரை மட்டும் வைத்து அனுப்பினார்.

இப்போது குழுவில் சாரதி பெயர்தான் முதலில் வரவேண்டும். யாரும் சண்டைக்கு வரவில்லை. வந்தால் வரட்டும் என்கிறார் அண்ணன். அந்தப் பெண் அனுப்பிய பதில் குரலை அவர் இன்னும் அழிக்கவில்லை. போன வாரம்கூட எனக்குப் போட்டுக் காட்டிவிட்டு, முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"பாத்தோம்ணே. பிள்ள மாட்டத் தொட்டுத் தொட்டு அப்பாங்கிறான். நானும் ஆமான்னு சொல்லிட்டேன்."