கை தூக்கினால் நிறுத்து

தாலுகா போர்டுக்கு என்னை ஊரார் அனுப்பியது ஒரே ஒரு காரியத்துக்காக. ஆம்பூர்ப் பக்கம் தோல் பதனிடும் ஷாப்பு வைத்திருந்த சாயபு, தம் கழிவுநீரை எங்கள் ஏரிக் கால்வாயில் விட அனுமதி கேட்டிருந்தார். எங்கள் குடிநீர்க் கிணற்றுக்கு அந்த ஏரிதான் ஊற்று. "நீ பெருசா ஒண்ணும் பேச வாணாம், தடுத்துட்டு வா, போதும்" என்று சொல்லித்தான் வண்டி ஏற்றினார்கள்.

அதுவரை எனக்குத் தெரிந்த வேலை கவலை ஓட்டுவது. கிணற்றடியில் மாடுகளை ஓட்டி நான் நீர் இறைப்பேன். வயலில் என் மனைவி மடை திருப்புவாள். அவ்வளவு தூரத்துக்குக் குரல் கேட்காது. பாத்தி நிறைந்ததும் கையைத் தூக்குவாள். தூக்கினால் நிறுத்து என்று அர்த்தம்.

போர்டில் குமாஸ்தா இங்கிலீஷில் நீளமாக ஏதோ படித்தார். பிறகு தலைவர், "தோல்ஷாப்புத் தண்ணிய ஏரிக் கால்வாய்ல விடலாம்னு தீர்மானம்" என்றார். அது காதில் விழுந்ததுமே என் கை மேலே போய்விட்டது. இன்னும் சில கைகளும் எழுந்தன. நம் பக்கம் இத்தனை பேரா என்று மகிழ்ந்தேன். தலைவர் எண்ணினார். ஒரே ஒரு கை அதிகமாக இருந்ததில் தீர்மானம் நிறைவேறியது.

பதறி எழுந்து, நான் நிறுத்தச் சொல்லித்தான் கை தூக்கினேன் என்று சொன்னேன். "எழுதியாச்சு, உக்காருங்க" என்றார் தலைவர்.

வீட்டில் மனைவி முழுதும் கேட்டாள். "கை தூக்குனா நிக்கணும்னு நம்ம மாட்டுக்கே தெரியுது. அங்க ஒருத்தருக்கும் தெரியலையா?" என்றாள். சிரிக்கவில்லை. அவள் குடமும் அந்தக் கிணற்றில்தான் நிறைய வேண்டும்.

மறுநாள் சாயபுவிடமே போனேன்.

"இன்னா மெம்பரே, தோஸ்து மாதிரி கை தூக்கிட்டு இப்ப பேஜாரா நிக்கிறீங்க?"

நடந்ததைச் சொன்னேன். நம்பவில்லை. கையோடு அழைத்து வந்து கவலை ஓட்டிக் காட்டினேன். தூரத்தில் என் மனைவி கை உயர்ந்தது. நான் அதட்டுவதற்கு முன்பே மாடுகள் நின்றுவிட்டன.

சாயபு தாடியைத் தடவினார். "சரி, கால்வாய் வாணாம். அந்தத் தண்ணிய என் தலையிலயா ஊத்திக்கிறது? எடம் காட்டுங்க."

ஏரிக்கு எட்டாத தூரத்தில், அவர் ஷாப்பை ஒட்டி எனக்குக் கேழ்வரகு விளையும் துண்டு நிலம் ஒன்று இருந்தது. அதைக் காட்டினேன்.

அடுத்த கூட்டத்தில், கால்வாய் தேவையில்லை என்று அவர் கொடுத்த கடிதத்தைப் படித்தார்கள். தீர்மானத்தை ரத்து செய்யச் சம்மதம் கேட்டார் தலைவர். பக்கத்திலிருந்தவரை இரண்டு தடவை விசாரித்துக்கொண்டுதான் கையைத் தூக்கினேன்.

அந்தத் துண்டில் இப்போது புல்கூட முளைப்பதில்லை. கிணற்றுத் தண்ணீர் பழைய ருசியோடு இருக்கிறது. அடுத்த தேர்தலுக்கும் என்னையே நிற்கச் சொல்லி ஊரார் வந்தார்கள். மனைவி அவர்களுக்கு மோர் கொடுத்துவிட்டு என்னிடம் திரும்பினாள்.

"நமக்கு இன்னும் எத்தினி துண்டு நெலம் கீது?"