கடிகாரம் இல்லாத அறையில் எனக்குப் போட்ட டியூட்டி

1. முதல் நாள்

ஷார்ஜாவில், ஊர் முடிந்து மணல் தொடங்குகிற இடத்தில் காலவியல் அகாடமி இருக்கிறது. நேரத்தைப் பற்றிப் படிப்பதற்கென்றே கட்டிய இடம். நான் அங்கே ஆபிஸ் பாய். பெயர் அஜின், எட்டாம் வகுப்பு ஃபெயில், ஊர் கன்னியாகுமரி கடற்கரை. புதிதாக வேலைக்கு வரும் பையன்களுக்கு உதவும் என்று இதை எழுதுகிறேன்.

முதல் நாள் உள்ளே போனால் சுவர் முழுக்கக் கடிகாரம். எதுவும் எதோடும் ஒத்துப்போகவில்லை. ஒன்று பின்னாடி ஓடியது. மேனேஜர் சஜி சார் மலையாளி. வாசலிலேயே பிடித்துக்கொண்டார்.

"லேட்டாயல்லோ. என்னா காரியம்?"

"எந்தக் கடிகாரப்படி சார்?"

"அதெல்லாம் ரிசர்ச்சுக்கு. உனக்கு இது மட்டும் போதும்," என்று கைவிரல் வைக்கிற மிஷினைக் காட்டினார்.

நேரம் என்று ஒன்று உண்மையில் இருக்கிறதா என்று மேல்மாடியில் டாக்டர்கள் பேசிக்கொண்டிருப்பார்கள். லேட்டாக வந்தால் கீழ்மாடியில் மெமோ கொடுப்பார்கள். இரண்டும் ஒரே கட்டிடம்தான்.

2. லீவுக்கு ஒரு வழி

வேலைக்குச் சேர்ந்த கொஞ்ச நாளிலேயே ஊரில் அண்ணன் செத்துப்போனான். பைக்கில் போனவனை லாரி அடித்தது. புது விசா என்பதால் எனக்கு லீவு கிடைக்கவில்லை. அடக்கத்தை போனில்தான் பார்த்தேன். அதுவும் பாதியில் நெட் போய்விட்டது. எனக்கு அண்ணன் என்றால் அப்பா மாதிரி இல்லை, கூட்டாளி மாதிரி. என் சட்டையைக் கேட்காமல் போட்டுக்கொண்டு போவான். அந்தச் சண்டையெல்லாம் பாக்கி இருந்தது.

சர்ச்சில் வைக்கும் வருஷ பூசைக்காவது போக வேண்டும் என்று சஜி சார் பின்னாலேயே நடந்தேன். ஒருநாள் அவரே கூப்பிட்டார்.

"எடா, கீழே ஒரு ரூம் உண்டு. ஜன்னல் இல்ல, கடிகாரம் இல்ல, போன் இல்ல. டாக்டர் மேடத்துக்கு அதுல இருக்க ஒரு ஆள் வேணும். இருந்தா லீவும் டிக்கெட்டும். நீயா கதவைத் திறந்து வந்தா ஒண்ணும் இல்ல, கலாஸ்."

"எத்தன நாள் சார்?"

"அது சொல்லக் கூடாது. உன் பூசைக்கு முன்னாடி விடும். என் வாக்கு."

மேடம் இந்தியில் விதி சொன்னார். பசித்தால் பெல் அடிக்கலாம், சாப்பாடு வரும். எப்போதும் அதே குபூஸ் ரொட்டி, முட்டை, பருப்பு. தூங்கி எழுந்து புது நாள் பிறந்துவிட்டது என்று தோன்றினால் பச்சை பட்டனை அழுத்த வேண்டும். அவ்வளவுதான் வேலை. வேலையே இல்லாத வேலைக்கு லீவு. நான் உடனே தலையாட்டினேன்.

3. உள்ளே

கம்பெனி தங்க வைத்திருந்த லேபர் கேம்பில் நாங்கள் ஒரு ரூமில் எட்டுப் பேர். ஒருவன் டியூட்டிக்குப் போகும்போது ஒருவன் வருவான். லைட் அணையாது. யாராவது ஒருவன் ஊருக்கு வீடியோ காலில் கத்திக்கொண்டே இருப்பான். இந்த அறையில் மெத்தை, ஏசி, இருட்டு, அமைதி. படுத்தேன். எழுந்தேன், பட்டனை அழுத்தினேன். சாப்பிட்டேன். கண் சொக்கியது, படுத்தேன். எழுந்தேன், அழுத்தினேன். கேம்பில் ஒரு நாளைக்கு ஒரு தடவைக்கு மேல் படுத்த பழக்கமே கிடையாது. எனக்கு விழிப்பு வந்தால் அது காலைதான்.

சாப்பாட்டுத் தட்டைக் கதவில் இருந்த சின்ன ஓட்டை வழியாக வைப்பவர் சுகந்தி அக்கா, யாழ்ப்பாணத்துக்காரர். எனக்கு லீவு எதற்கு, எந்தத் தேதிக்கு என்று அவருக்கும் தெரியும். அவரோடு நேரத்தைப் பற்றித் தவிர எதைப் பற்றியும் பேசலாம்.

"அக்கா, வெளியில வெயிலா?"

"அதைச் சொல்லேலாது தம்பி."

"நீங்க சாப்ட்டாச்சா?"

"அதையும் சொல்லேலாது. உம்மட முட்டையைச் சாப்பிடும்."

4. பூசை

உள்ளே போனபோது பூசைக்கு இன்னும் பதினைந்து நாள் இருந்தது. நான் பட்டன் அழுத்திய கணக்கை விரலில் வைத்திருந்தேன். ஒருநாள் எழுந்து கூட்டிப் பார்த்தால் அன்றைக்குத்தான் அண்ணன் செத்த நாள். சஜி சார் ஏமாற்றிவிட்டார் என்று புரிந்தது. லீவு விஷயத்தில் மேனேஜர் ஏமாற்றினார் என்பதை நம்ப எனக்கு யோசனையே தேவைப்படவில்லை.

மெழுகுதிரி இல்லை. மேசை விளக்கைப் போட்டு, அதன் முன்னால் முட்டிபோட்டு, விரலிலேயே ஜெபமாலை சொன்னேன். பாதியில் அழுகை வந்துவிட்டது. அடக்கத்தன்று கேம்பில் ஏழு பேர் முன்னால் அழ வெட்கமாக இருந்தது. அங்கே சேர்த்து வைத்ததெல்லாம் இங்கே வந்தது. "என் நீலச் சட்டைய நீயே வச்சிக்கோலே," என்று சத்தமாகச் சொன்னேன்.

ஓட்டைக்கு வெளியே சுகந்தி அக்காவின் குரல்.

"தம்பி, என்னப்பா நடந்தது?"

"அண்ணன் செத்து இன்னைக்கு வருசம் அக்கா."

"இண்டைக்கா?" என்றார். பிறகு, "ஐயோ, நான் ஒண்டும் கதைக்கக் கூடாது," என்றார். அவர் தோள் குலுங்குவது ஓட்டை வழியாகத் தெரிந்தது. எனக்காக அழுகிறார் என்று நினைத்தேன்.

பூசையே முடிந்துவிட்டது, இனி லீவு எதற்கு? முகத்தைத் துடைத்துக்கொண்டு கதவைத் திறந்து வெளியே வந்தேன்.

5. வெளியே

சஜி சார் மேசையில் மீன்கறி சாப்பிட்டுக்கொண்டிருந்தார்.

"நல்லா இருக்கு சார் உங்க வாக்கு. அண்ணன் பூசை முடிஞ்சாச்சு."

அவர் கையில் இருந்த சோறு அப்படியே நின்றது.

"எடா, நீ உள்ளே போனது திங்கள். இன்னைக்கு வெள்ளி."

"எந்த வெள்ளி சார்?"

"அதே வாரத்து வெள்ளி, மடையா. சாப்பிடும் தோறும் உறங்கி, எழும்பும் தோறும் பட்டன் குத்தினியா? மேல மெஷின் கேடாச்சுன்னு ரெண்டு தடவ மெக்கானிக் வந்துட்டுப் போனான்."

மேடத்துக்கு ரொம்ப சந்தோஷம். இப்படி ஒரு ஆளை இதுவரை பார்த்ததில்லை என்று என் கையைப் பிடித்துக் குலுக்கினார். நான் சஜி சார் பக்கம் திரும்பினேன்.

"சார், திரும்ப உள்ள போறேன். தேதி தெரியாத மாதிரியே இருக்கேன்."

"பற்றில்லடா, நடக்காது. நீயா வந்தாச்சு," என்றார். சொல்லும்போது என் முகத்தைப் பார்க்கவில்லை.

பிறகு டீ போடுகிற பேன்ட்ரியில் சுகந்தி அக்காவிடம் கேட்டேன், "நீங்க அழுதீங்களா, சிரிச்சீங்களா?"

"பாதி பாதி, தம்பி. என்ன செய்யிறது, சொன்னா என்ர வேலை போயிடும்."

6. உண்மையான நாள்

வருஷ பூசை அன்று நான் டியூட்டியில் இருந்தேன். பேன்ட்ரியில் தண்ணீர் பாட்டில் மேல் போனைச் சாய்த்து வைத்திருந்தேன். சுகந்தி அக்கா யாரும் கேட்காமலே என் டிரேயை எடுத்துக்கொண்டு மாடிக்குப் போனார். கோவில், கல்லறை, பூ எல்லாம் போனில் தெரிந்தது. இந்தத் தடவை நெட் போகவில்லை. அம்மா போனைக் கையில் வாங்கி என்னையே பார்த்தாள்.

"என்ன மக்கா, உனக்குக் கண்ணுல ஒரு சொட்டுத் தண்ணி இல்ல?"

"நான் முன்னாலயே அழுதாச்சும்மா."

"எப்ப?"

அதை எப்படிச் சொல்வது? சொன்னேன். பட்டன், முட்டை, மேசை விளக்கு, மெக்கானிக் எல்லாம். அம்மா வாயைப் பொத்திக்கொண்டாள். கல்லறைக்குப் பக்கத்தில் நின்றே சிரித்தாள். அண்ணன் செத்த பிறகு அவள் சிரித்து அன்றைக்குத்தான் பார்த்தேன். சிரித்துக்கொண்டே அழுதாள், நானும் மறுபடி அழுதேன்.

புதிதாக வருகிறவர்களுக்கு நான் சொல்வது ஒன்றுதான். துக்க நாளைத் தனியாக அனுசரிக்காதீர்கள். பக்கத்தில் யாராவது ஒரு ஆள் இருந்தால், தேதியாவது சரியாக இருக்கும்.